தகப்பன் பெயர் ‘நாகர்கோவில்’ அல்ல

கன்னியாகுமரி மாவட்டத்தின் பிறப்பு இறப்புப் பதிவாளர்களுக்கும், பள்ளித் தலைமையாசிரியர்களுக்கும், இ-சேவை மையங்களில் கணினி முன் உட்கார்ந்திருப்பவர்களுக்கும், ஞானஸ்நான ரெஜிஸ்தர் எழுதும் பங்குப் பணியாளர்களுக்கும் ஒரு திறந்த மடல்

வணக்கம்.

1908இல் ஒழுகினசேரியில் பிறந்த என்.எஸ். கிருஷ்ணனை அறியாதவர் இங்கே இல்லை. ‘என்’ நாகர்கோவில், ‘எஸ்’ சுடலைமுத்து. ஊர், தகப்பன், பிறகுதான் ஆள். அதே மனிதர் இன்று ஒரு மையத்தில் வரிசையில் நின்றால் என்ன ஆகும்? முதல் இனிஷியல் அப்பா பெயர்தான் என்று கேட்காமலே தட்டிவிடுவோம். கலைவாணருக்கு நாகர்கோவில் தகப்பனாகிவிடும். பெற்ற தகப்பன் சுடலைமுத்து நடுப்பெயராகிவிடுவார்.

ஆதாரம் எழுதுகிறவர்களும், பள்ளிச் சேர்க்கைப் பதிவேட்டோடு பணிக்காலத்தைக் கழித்தவர்களும் சேர்ந்து இதை எழுதுகிறோம். (இந்த மாவட்டத்தில் ஆதாரம் என்றால் நிலப்பத்திரம். பன்னிரண்டு இலக்க அட்டை அப்புறம் வந்தது.) உங்களிடம் கேட்பது இதுதான்: பெயரைக் கட்டங்களுக்குள் வெட்டிப் போடும் முன், அதில் எந்தத் துண்டு எதைக் குறிக்கிறது என்று கேட்டு ஒரு வரி எழுதி வையுங்கள். இல்லாத குடும்பப்பெயரை நீங்களாக உண்டாக்காதீர்கள்.

கட்டங்கள் எப்படி ஒன்றோடொன்று முரண்படுகின்றன என்பதை முதலில் பாருங்கள். கடவுச்சீட்டு விண்ணப்பத்தில் கிவன் நேம், சர்நேம் என்று இரண்டு. சர்நேமைக் காலியாக விடலாம், கிவன் நேமை விட முடியாது. இனிஷியல் செல்லாது, விரித்துத்தான் எழுதவேண்டும். பான் அட்டை விண்ணப்பத்தில் அப்படியே தலைகீழ்: கடைசிப் பெயர் கட்டாயம், ஒற்றைப் பெயர்க்காரர் தம் பெயரை அங்கேதான் போடவேண்டும். ஆதார் அட்டையில் பிரிவே கிடையாது, பெயர் ஒரே வரி. அமெரிக்க விசாவுக்குப் போனால், ஒற்றைப் பெயரைச் சர்நேமாக எடுத்துக்கொண்டு முதல் பெயரிடத்தில் ‘எஃப்.என்.யு’ என்று போட்டுவிடுவார்கள். முதல் பெயர் தெரியவில்லை என்று பொருள். சிவதாணு என்ற ஒரே ஆள் ஓரிடத்தில் முதல் பெயர், ஓரிடத்தில் கடைசிப் பெயர், ஓரிடத்தில் பெயர் தெரியாதவர்.

இது காகிதத்தோடு நிற்கிற விஷயமாக இருந்தால் இந்த மடலே வேண்டாம். 2022 நவம்பர் 21 முதல், ஒற்றைச் சொல் மட்டும் பெயராக உள்ள கடவுச்சீட்டோடு வருகை விசாவில் வருகிறவர்களை ஏற்க மாட்டோம் என்று ஐக்கிய அரபு அமீரகம் அறிவித்தது. கடவுச்சீட்டின் வேறு பக்கத்தில் தகப்பன் பெயரோ குடும்பப்பெயரோ அச்சாகியிருந்தால் போதும் என்று உடனேயே தளர்த்தவும் செய்தது. ஆனால் முதல் செய்தி பரவிய வேகத்தில் இரண்டாவது பரவவில்லை. வளைகுடாவுக்கு ஆள் போகாத தெரு இல்லாத மாவட்டம் இது. கையில் கிடைத்த சொல்லையெல்லாம் சர்நேம் ஆக்கினார்கள். அண்ணனுக்குத் தகப்பன் பெயர், தம்பிக்குத் தாத்தா பெயர், தங்கைக்கு வீட்டுப்பெயர் என்று ஒரே வயிற்றில் பிறந்த மூவர் மூன்று குடும்பமாகிவிட்டால், பிறகு வாரிசுச் சான்று கேட்டுத் தாசில்தார் அலுவலகத்தில் நிற்கும் நாளில்தான் அதன் விலை தெரியும்.

சர்நேம் போட்டே ஆகவேண்டும் என்று ஒருவர் கேட்டால், தகப்பன் பெயரை முழுதாகப் போடுங்கள். எல்லாப் பிள்ளைகளுக்கும் அதே எழுத்தில் போடுங்கள். அதில் குறைவொன்றும் இல்லை. சர்நேம் என்று நாம் மலைத்துப் பார்க்கிற பெயர்களில் பாதி பழைய தகப்பன் பெயர்தான். பெர்னாண்டஸ் என்றால் போர்ச்சுக்கீசில் பெர்னாண்டோவின் மகன். ரோட்ரிகஸ், ரோட்ரிகோவின் மகன். ‘எஸ்’ என்று முடிகிற அந்த வால்தான் அவர்களுடைய இனிஷியல். என்றோ ஒரு தலைமுறையில் அது உறைந்துபோயிற்று. நம்முடையது தலைமுறைக்குத் தலைமுறை மாறுகிறது.

வீட்டுப்பெயருக்கும் இதே கதைதான். சவரிமுத்து, சவரியாள், சவேரியார் எல்லாம் எங்கிருந்து வந்தன? பிரான்சிஸ் சவேரியார் பிறந்தது ஸ்பெயினின் நவார் பகுதியில், ஹாவியேர் என்ற கோட்டைவீட்டில். பாஸ்க் மொழியில் அந்தச் சொல்லுக்குப் புதுவீடு என்று பொருள். நம் பக்கத்தில் தெருவுக்கு ஒரு புத்தன்வீடு இருக்கிறதே, அதேதான். கோட்டாற்றில் பேராலயம் கட்டி வணங்குகிறோம்; பெயருக்குள் இருப்பது ஒரு வீட்டுப்பெயர். அவர் 1544இல் நம் கடற்கரையில் ஊர் ஊராகத் திருமுழுக்குக் கொடுத்துக்கொண்டு போனபோது, ஒவ்வொருவருக்கும் அவரவர் புதுப்பெயரை எழுதிக் கையில் கொடுத்ததாக 1545 ஜனவரியில் கொச்சியிலிருந்து எழுதிய கடிதத்தில் அவரே சொல்கிறார். அவசரத்தில் ஆயிரக்கணக்கான பேருக்குக் கொடுத்தவர்கூட ஆளுக்கொரு சீட்டு எழுதினார்.

இனி இங்குள்ள பெயர்களின் உள்ளமைப்புக்கு வருவோம். நீங்கள் அதிகம் தவறுவது இங்கேதான்.

கோவில் பெயர்கள் ஒரு பெருங்கூட்டம். சுசீந்திரத்து இறைவன் தாணுமாலயன்: தாணு சிவன், மால் திருமால், அயன் பிரமன். தாணு, சிவதாணு, தாணுமூர்த்தி, தாணுமாலயப்பெருமாள் எல்லாம் அங்கிருந்து கிளைத்தவை. ‘தாணு மாலயன்’ என்று இடம் விட்டு எழுதிவிட்டால், மென்பொருள் மாலயனைத் தகப்பனாக்கும். மால் பாதி, அயன் பாதி என்று ஒரு தகப்பன் உலகத்தில் எங்கும் இல்லை. திருவட்டாற்றுக்கு ஆதிகேசவன், நாகராஜா கோவிலுக்கு நாகராஜன், நாகம்மாள், குமரித் தெய்வத்துக்கும் மண்டைக்காட்டம்மைக்கும் பகவதி. இவை ஒரே சொல், பிரிக்கவே கூடாது.

பகவதி, இசக்கி இரண்டிலும் பாலினத்தைப் பெயரிலிருந்து ஊகிக்காதீர்கள். இயக்கி என்ற சொல் திரிந்து இசக்கியானது, பேச்சில் எசக்கி. பெண்தெய்வத்தின் பெயர்தான், ஆனால் இசக்கிமுத்து ஆண், இசக்கியம்மாள் பெண், வெறும் இசக்கி யாராகவும் இருக்கலாம். பகவதிப்பெருமாள் ஆண். மணி என்று முடியும் பெயர்களும் அப்படியே: தங்கமணி, ஞானமணி, நேசமணி. இந்த மாவட்டத்தைத் தமிழகத்தோடு சேர்க்கப் போராடிய மார்ஷல் நேசமணியை நினைவில் வைத்தாலே போதும். அதிலும் ‘மார்ஷல்’ மக்கள் கொடுத்த பட்டம், பெயரின் பகுதி அல்ல.

சுடலை, மாடன், பிச்சை என்று வரும் பெயர்களை ‘நல்ல பெயராக’ மாற்றிக்கொள்ளச் சொல்லி ஆலோசனை கூறும் எழுத்தர்கள் இன்னும் இருக்கிறார்கள். அது உங்கள் வேலை அல்ல. சுடலைமாடன் காவல் தெய்வம். பிச்சை என்பது, முன்பிறந்த பிள்ளைகள் தவறிப்போன வீட்டில், இந்தப் பிள்ளையாவது தங்கட்டும் என்று சாமியிடம் கேட்டு வாங்கிய பெயர். பெயரில் கைவைக்கும் அதிகாரத்துக்கு இந்த மண்ணில் பழைய கணக்கு ஒன்று உண்டு. 1809இல் சாஸ்தான்கோவில்விளையில் பிறந்த குழந்தைக்குப் பெற்றோர் முடிசூடும் பெருமாள் என்று பெயரிட்டார்கள். அந்தச் சாதிக்கு அந்தப் பெயர் ஆகாது என்று மேல்சாதியார் எதிர்க்கவே, முத்துக்குட்டி என்று மாற்றினார்கள் என்பது அய்யாவழி மரபு. அந்தக் குழந்தைதான் அய்யா வைகுண்டர்.

கிறிஸ்தவப் பெயர்களில் சிக்கல் வேறு மாதிரி. ஒரே பெயர் மூன்று நான்கு உருவத்தில் நடமாடும். லத்தீனில் பவுலுஸ் என்றால் சிறியவன். அதனால் பவுல் சின்னப்பன் ஆனார். யோவான் என்ற எபிரேயப் பெயருக்கு ஆண்டவர் அருள்கூர்ந்தார் என்று பொருள், அதனால் அருளப்பன். பேதுரு ராயப்பன். ஜோசப் சூசை. யாகப்பன், யாக்கோபு, ஜேக்கப், ஜேம்ஸ் நான்கும் ஒன்றே. சந்தியாகுவும் அதுவேதான், புனித யாகு என்ற போர்ச்சுக்கீசு வழக்கு ஒட்டிக்கொண்டு வந்தது. ஞானஸ்நான ரெஜிஸ்தரில் யாகப்பன், பள்ளியில் ஜேம்ஸ், நிலத்தில் சந்தியாகு என்று இருந்தால் மூன்று ஆள் என்று நினைத்துத் திருப்பி அனுப்பாதீர்கள். தகப்பன் பெயர், தாய் பெயர், பிறந்த தேதி மூன்றும் பொருந்தினால், ‘இருவரும் ஒருவரே’ என்ற சான்றுக்கு வழி சொல்லி அனுப்புங்கள்.

லாசர் என்ற பெயரின் மூலம் எலெயாசர். கடவுள் துணை என்று பொருள். அதைத் தமிழாக்கியதுதான் தேவசகாயம். நட்டாலத்து நீலகண்ட பிள்ளை 1745இல் திருமுழுக்குப் பெற்று அந்தப் பெயரை ஏற்றார். 1752இல் ஆரல்வாய்மொழிக் காற்றாடிமலையில் கொல்லப்பட்டார். 2022 மே 15 அன்று ரோமில் அவரைப் புனிதராக அறிவித்தபோது பெயரில் ‘பிள்ளை’ இல்லை. சாதிப்பட்டம் கழன்றதால் ஆள் மாறிவிடவில்லை. உங்கள் மேசைக்கு வரும் கேசவ பிள்ளையின் பேரன் வெறும் நாராயணனாக வந்தால் அவனுக்கும் இதே நியாயம்தான்.

சி.எஸ்.ஐ. சபைகளில் வேறு வழக்கம். மயிலாடி மகாராசன் திருமுழுக்குப் பெற்று வேதமாணிக்கம் ஆனதிலிருந்தே, மிஷனரி ரிங்கல்தௌபே 1806இல் வந்து சேர்வதற்கு முன்பிருந்தே, வேதம், ஞானம், தேவன், சத்தியம் என்ற சொற்களோடு மாணிக்கம், சிகாமணி, தாசன், அடியான் என்று சேர்த்துக் கட்டுகிறார்கள். ஞானசிகாமணி, யேசுவடியான் இரண்டும் ஒவ்வொரு சொல். ஜெயசிங், ராஜசிங் என்பவற்றின் ‘சிங்’கைப் பிரித்துச் சர்நேம் ஆக்கி, அவரைப் பஞ்சாபுக்கு அனுப்பிவிடாதீர்கள்.

கடற்கரையில் ‘மரிய’ முன்னால் நிற்கும், ஆணுக்கும் நிற்கும். மரிய அருள், மரிய ஜாண், மரிய சூசை என்று ஒரு வகுப்பில் பத்துப் பேர் இருந்தால், முதல் சொல்லை மட்டும் கிவன் நேமில் போட்டால் பத்துப் பேரும் மரியாதான். முஸ்லிம் பெயர்களில் முகமது முன்னால் வருவதும் அப்படியே. அப்துல் காதரை அப்துலில் வெட்டுவது இன்னும் மோசம். ‘அப்து’ அடியவன், ‘அல் காதிர்’ வல்லமையுள்ளவன். அப்துல் என்று நிறுத்தினால் யாருடைய அடியவன் என்பது தொங்கி நிற்கும். தக்கலைச் சூஃபி ஞானி பீர்முகமது அப்பாவின் பெயரைத் தாங்கியவர்கள் பலர்; பீர்முகமது ஒரே பெயர். மைதீன்கண்ணு என்றால் ‘கண்ணு’ செல்ல வால். விளிப்பேராக, அதாவது வீட்டில் கூப்பிடும் பெயராகத் தொடங்கி ஆதாரத்திலும் ஏறியிருக்கும், அதனால் கழற்றக் கூடாது.

விளிப்பேரு என்றதும் கல்குளம், விளவங்கோடு பக்கம் போகவேண்டும். நாராயணன் வீட்டில் நாணு, பத்மநாபன் பப்பு, பரமேஸ்வரன் பரமு. பழைய ஆதாரங்களில் விளிப்பேரே பெயராக நிற்கும். 1956 நவம்பர் 1இல் மாவட்டம் தமிழகத்தோடு சேரும் முன், திருவிதாங்கூர்ப் பதிவேடுகளில் பல மலையாளத்தில் எழுதப்பட்டவை. அங்கே பிள்ளை ‘பிள்ள’, அம்மாள் ‘அம்மா’, ஜான் ‘ஜாண்’. (ஜாண் என்றால் அரை முழம் என்று சிரிக்கிறவர்கள் சிரிக்கட்டும், மூன்று தலைமுறை அப்படித்தான் எழுதியிருக்கிறது.) கேசவன் பிள்ளையும் கேசவ பிள்ளையும் ஒரே ஆள். முன்னால் நிற்கும் இனிஷியல் அங்கே பெரும்பாலும் வீடு அல்லது தரவாடு (தாய்வழிக் கூட்டுக்குடும்பம்). மருமக்கள்வழி நடந்த குடும்பங்களில் சொத்து மாமன்வழி இறங்கியதால், ஆதாரத்தில் முதலில் வருகிற மூத்தவர் தகப்பனாகவே இருக்கவேண்டியதில்லை. அவர் காரணவராக, அதாவது குடும்பத்தின் மூத்த தாய்மாமனாக இருப்பார். அவரைத் தகப்பன் கட்டத்தில் ஏற்றிவிட்டுப் பட்டா மாறவில்லை என்று அலைவது வீண். தம்பி, தங்கச்சி என்று வந்தாலும் உடன்பிறப்பு என்று எடுக்காதீர்கள். தலக்குளத்து வேலுத்தம்பியின் முழுப்பெயர் வேலாயுதன் செண்பகராமன் தம்பி. செண்பகராமனும் பட்டம், தம்பியும் பட்டம், வேலாயுதன் மட்டும்தான் பெயர்.

அந்த ஏடுகளின் தேதி கொல்லம் ஆண்டில் இருக்கும். ஆவணியிலிருந்து டிசம்பர் முடிய உள்ள நாளுக்கு 824 கூட்டவேண்டும். ஜனவரியிலிருந்து ஆடி முடிய 825. ஆகவே 1132ஆம் ஆண்டின் ஐப்பசி 1956, அதே ஆண்டின் தை 1957. இதில் ஒன்று பிசகினால் வயது ஓராண்டு தள்ளும். பெயர் பொருந்தியும் ஆள் பொருந்தவில்லை என்று கோப்பு திரும்பும்.

இன்றைய பிள்ளைகளின் பெயர்களைப் பற்றி அதிகம் சொல்வதற்கில்லை. அபிஷா, ஜெபின், ஷைஜா, ஆன்சி, அஜின். தாய் பெயரில் ஒரு துண்டும் தகப்பன் பெயரில் ஒரு துண்டும் ஒட்டிச் செய்தவை பல. பொருள் என்ன என்று கேட்டுப் பெற்றோரைச் சங்கடப்படுத்துவதை விட, ‘ஜெபின் என்றா, ஜெபினா என்றா’ என்று எழுத்தைக் கேளுங்கள். ஷ, ஸ, ஜ, ச நான்கில் எது என்பது இந்தப் பெயர்களில் உயிர்நாடி.

திருமணமான பெண்ணின் இனிஷியலை நீங்களாக மாற்றாதீர்கள். கணவன் பெயருக்கு மாறியே ஆகவேண்டும் என்று எந்தச் சட்டமும் சொல்லவில்லை. மாற்றுவதும் மாற்றாததும் அவர் விருப்பம். குமரி அனந்தனின் மகள் தமிழிசை சௌந்தரராஜன் என்றால், பின்னால் நிற்பது கணவர் பெயர். தகப்பனார் பெயருக்கு முன்னால் நின்ற ‘குமரி’ மாவட்டத்தின் பெயர். ஒரே குடும்பத்தின் இரண்டு பெயரிலும் கூடுதலாக நிற்கும் சொல் வேறு வேறு வேலை செய்கிறது.

ஆங்கில எழுத்துக்கு வருவோம். தமிழில் ஒரு ‘த’. ஆங்கிலத்தில் ‘டி’ தனியாக நின்றால் தாணு டாணு ஆவார், ‘எச்’ சேர்த்தால்தான் தாணு. ‘ழ’வுக்கு இசட்டும் எச்சும். எண் கணிதம் பார்த்து ஓர் ‘ஏ’ கூட்டுவது, ஓர் ‘எச்’ சொருகுவது அவரவர் இஷ்டம்; ஆனால் கூட்டுவதைப் பிறப்புப் பதிவிலேயே கூட்டச் சொல்லுங்கள், பத்தாம் வகுப்பில் அல்ல. நீளத்துக்கும் எல்லை உண்டு. கடவுச்சீட்டின் அடியில் இயந்திரம் படிக்கும் இரண்டு வரிகளில், மேல் வரியில் பெயருக்கு மொத்தம் 39 இடம். சர்நேமுக்கும் பெயருக்கும் நடுவிலுள்ள இடைவெளிக் குறிகளும் அதில் அடங்கும். மரிய அந்தோணி சவரிமுத்து போன்ற பெயரோடு ஒரு நீண்ட தகப்பன் பெயரும் சேர்ந்தால் வால் அறுபடும். எந்தப் பகுதி அறுபடலாம் என்பதைக் குடும்பம் முடிவுசெய்யட்டும்.

ஆகவே நாங்கள் கேட்கும் வரி இப்படி இருக்கும்: ‘முன்னெழுத்து 1: ஊர், நாகர்கோவில். முன்னெழுத்து 2: தகப்பன், சுடலைமுத்து. பெயர்: கிருஷ்ணன். குடும்பப்பெயர்: இல்லை.’ முதலில் தமிழில், அதன் கீழே ஆங்கிலத்தில், பெற்றோர் கையெழுத்தோடு. ‘இல்லை’ என்பதைச் சொல்லாகவே எழுதுங்கள். கோடு போட்டால் அடுத்து வருகிறவர் அதை நிரப்புவார். சேர்க்கைப் பதிவேட்டில் குறிப்புப் பத்தியில் இதற்குத் தாராளமாக இடம் இருக்கிறது. இ-சேவை மையங்களில், அனுப்பும் பொத்தானை அழுத்தும் முன் திரையை விண்ணப்பதாரர் பக்கம் திருப்பி, பெயரை வாய்விட்டு வாசிக்கச் சொல்லுங்கள். அரை நிமிடம் போதும்.

திருத்தம் தேவைப்படும்போது வரிசை முக்கியம். பிறப்பை 21 நாளுக்குள் பதியவேண்டும். பெயரில்லாமல் பதிந்த பிறப்புக்கு 12 மாதத்துக்குள் பெயரைக் கட்டணமின்றிச் சேர்க்கலாம், அதன்பின், பதிந்த நாளிலிருந்து 15 ஆண்டுக்குள் தாமதக் கட்டணத்தோடு. பதிவில் பிழை இருந்தால் 1969ஆம் ஆண்டுச் சட்டத்தின் 15ஆம் பிரிவுப்படி பதிவாளர் திருத்தலாம். மூலப் பதிவை அழிக்காமல், ஓரத்தில் எழுதி, கையெழுத்தும் தேதியும் இட்டுத்தான் திருத்தவேண்டும். 2023 அக்டோபர் 1 முதல் பிறந்த குழந்தைகளுக்கு, பள்ளிச் சேர்க்கை முதல் ஓட்டுநர் உரிமம் வரை பிறந்த தேதிக்கும் இடத்துக்கும் பிறப்புச் சான்றே ஆவணம். அதனால் முதலில் பிறப்புச் சான்று, அடுத்து ஆதார், பிறகு பள்ளி, கடைசியில் கடவுச்சீட்டு. மக்கள் பெரும்பாலும் தலைகீழாகத்தான் போகிறார்கள்: கடவுச்சீட்டு அவசரத்தில் ஆதாரை மாற்றுவார்கள், பள்ளிச் சான்று பொருந்தவில்லை என்று மறுபடியும் ஆதாரை மாற்றுவார்கள். ஆதாரில் பெயரை வாழ்நாளில் இரண்டே முறைதான் மாற்றலாம். அவசரத்தில் இரண்டும் தீர்ந்துபோனவர்களைப் பிறகு உங்களாலும் எங்களாலும் எளிதில் கரையேற்ற முடியாது.

தலைமையாசிரியர்களுக்குத் தனியாக ஒன்று. பத்தாம் வகுப்புப் பெயர்ப்பட்டியல் தேர்வுத்துறைக்குப் போன பிறகு ஓர் எழுத்தைத் திருத்துவதற்குள்ளேயே பெற்றோர் ஓய்ந்துபோவார்கள். ஒன்பதாம் வகுப்பின் முதல் பருவத்திலேயே எமிஸ் (பள்ளிக்கல்வித் துறையின் இணையத் தகவல் முறை) பதிவை அச்செடுத்து, பிறப்புச் சான்றின் நகலோடு பிள்ளை கையில் வீட்டுக்குக் கொடுத்தனுப்புங்கள். தாயோ தகப்பனோ எழுத்தெழுத்தாகப் பார்த்துக் கையெழுத்திட்ட தாள் திரும்பி வந்த பிறகு பட்டியலை அனுப்புங்கள்.

இப்படிக்கு,
ஆதாரம் எழுதுவோரும் ஓய்வுபெற்ற பள்ளி அலுவலகப் பணியாளர்களும் சிலர்,
கன்னியாகுமரி மாவட்டம்.